பெல்ட்டை எவ்வளவு இறுக்குவது?

மன்ற மலருக்கு விஞ்ஞானக் கட்டுரை ஒன்று வேண்டும் என்று செயலாளர் கேட்டபோது, அணுவைப் பற்றியோ விண்கலங்களைப் பற்றியோ நான் எழுதித் தருவேன் என்று அவர் எண்ணியிருக்கக் கூடும். பௌதிகம் பயிலும் முதுகலை மாணவனிடம் அப்படி எதிர்பார்ப்பது இயல்பே. ஆனால் நான் எழுதப்போவது மாவு மில்லில் ஓடும் பெல்ட்டைப் பற்றி. இதுவும் ஒரு விஞ்ஞானப் பொருளா என்று ஐயுறும் நண்பர்கள் இரண்டு பக்கம் பொறுத்துப் படித்துப் பார்க்குமாறு வேண்டுகிறேன்.

என் தந்தையார் தேனிப் பக்கத்திலிருந்து பிழைப்பைத் தேடிக் கொச்சிக்கு வந்தவர். எனக்கு அப்போது நான்கு வயது. வளர்ந்ததெல்லாம் வைட்டிலாவில்தான். வைட்டிலாச் சந்திப்பில் இன்று மேம்பாலமும், மெட்ரோ நிலையமும், பேருந்து நிலையமும், படகுத் துறையும் அடுத்தடுத்து இருக்கின்றன. அந்தச் சந்தடியிலிருந்து விலகிய ஒரு சந்தில், சிறிய மாவு மில் ஒன்றில் அவர் பதினோராண்டுகளாக வேலை செய்து வருகிறார். புட்டுக்கு அரிசி, சப்பாத்திக்குக் கோதுமை, குழம்புக்கு மிளகாய், மல்லி எல்லாம் அங்கே அரைபடும். அரைக்க வருவோர் அவரை 'அண்ணாச்சி' என்று அழைப்பர். அவ்வூரில் தமிழர் பெரும்பாலும் எல்லோரும் அண்ணாச்சிமார்தாம். அவருடைய இடக்கை நடுவிரலில் மேற்கணு இல்லை. அஃது எப்படிப் போயிற்று என்பதைப் பின்னர்க் கூறுகிறேன்.

மில்லின் மூலையில் 10 குதிரைச் சக்தி மோட்டார் ஒன்று இருக்கிறது. அதன் தண்டில் 150 மில்லிமீட்டர் விட்டமுள்ள புல்லி. அங்கிருந்து இரண்டு 'வி' பெல்ட்டுகள் அரைவை இயந்திரத்தின் புல்லிக்குச் செல்கின்றன. பெல்ட்டுக்கு வார் என்றும், புல்லிக்குக் கப்பி என்றும் தமிழில் பெயர் உண்டு. ஆயினும் மில்லில் போய் 'வாரைத் தளர்த்துங்கள்' என்றால் என் தந்தையாரே திகைத்து நிற்பார். எனவே பெல்ட் என்றே எழுதுகிறேன். (10 குதிரைச் சக்திக்கு இரண்டு பெல்ட் சற்றுக் குறைவு என்பது என் கருத்து. முதலாளியின் கருத்து வேறு.)

பெல்ட் எதனால் புல்லியைப் பற்றுகிறது? பல்லும் இல்லை, ஆணியும் இல்லை, பசையும் இல்லை. இதற்கு விடை காண எர்ணாகுளம் படகுத் துறைக்கு வாருங்கள். படகு துறையை நெருங்கியதும் பணியாள் ஒருவர் கயிற்றை எறிந்து, துறையிலுள்ள கம்பத்தில் இரண்டு மூன்று சுற்றுச் சுற்றிவிட்டு, நுனியை ஒரு கையால் பிடித்துக்கொள்கிறார். அத்தனை பேரைச் சுமந்து வந்த படகு அடங்கி நிற்கிறது. பயில்வானாலும் கையால் இழுத்து நிறுத்த முடியாத படகை நிறுத்துவது கயிற்றுக்கும் கம்பத்துக்கும் இடையிலுள்ள உராய்வு.

இந்த உராய்வு சுற்றுக்குச் சுற்றுக் கூட்டல் முறையில் வளர்வதில்லை. பெருக்கல் முறையில் வளர்கிறது. உராய்வு எண் 0.3 என்று கொண்டால், கம்பத்தில் அரைச் சுற்றுச் சுற்றிய கயிற்றில், ஒரு நுனியைப் பிடிக்கும் விசையைப்போல் மறுநுனியில் ஏறத்தாழ இரண்டரை மடங்கு இழுப்பைத் தாங்கலாம். மூன்று முழுச் சுற்றுச் சுற்றினால் அது ஏறத்தாழ 285 மடங்காகிவிடும்! பதினெட்டாம் நூற்றாண்டில் வாழ்ந்த கணித மேதை ஆய்லர் இதனைக் கணக்கிட்டுக் காட்டினார். இளங்கலை முதலாண்டிலேயே இச்சூத்திரத்தை நான் மனப்பாடம் செய்து, தேர்வில் எழுதி, மதிப்பெண்ணும் பெற்றேன். ஆனால் என் தந்தையார் நாள்தோறும் நின்று வேலை செய்யும் இடத்தில் அதே சூத்திரம் ஓடிக்கொண்டிருக்கிறது என்பது வெகுநாள் வரை எனக்குத் தோன்றவே இல்லை.

புல்லியின்மேல் பெல்ட் ஏறத்தாழ அரைச் சுற்றே படிந்திருக்கிறது. ஒரு பக்கம் இறுகி இழுக்கும். மறுபக்கம் தளர்ந்து திரும்பும். இரண்டு பக்கத்து இழுப்புக்கும் உள்ள வேறுபாடுதான் இயந்திரத்தைச் சுழற்றுகிறது. எங்கள் மில் கணக்கைப் பாருங்கள். மோட்டார் நிமிடத்துக்கு 1,440 சுற்றுச் சுற்றுகிறது. எனவே பெல்ட் விநாடிக்கு 11 மீட்டருக்குச் சற்று மேலான வேகத்தில் ஓடுகிறது. அந்த வேகத்தில் 10 குதிரைச் சக்தியைக் கொண்டுசெல்ல, இரு பக்கத்துக்கும் உள்ள வேறுபாடு 67 கிலோ எடைக்குச் சமமாக இருக்க வேண்டும். தட்டையான தோல் பெல்ட்டாக இருந்தால், இரண்டரை மடங்குக் கணக்கின்படி இறுகிய பக்கம் 110 கிலோ, தளர்ந்த பக்கம் 43 கிலோ. ஆக, மோட்டாரின் தண்டைப் பக்கவாட்டில் 153 கிலோ இழுக்கும்.

'வி' பெல்ட்டின் சிறப்பு இங்கேதான் இருக்கிறது. அதன் இரு சரிந்த பக்கங்களும் மரம் பிளக்கும் ஆப்பைப்போலப் புல்லியின் பள்ளத்தில் நெருங்கி அமர்கின்றன. சிறிது இழுத்தாலும் பக்கங்களில் அழுத்தம் பன்மடங்காகிறது. இரு பக்க இழுப்பின் விகிதம் கணக்கின்படி இருபது மடங்கு வரை போகும். எனினும் பொறியியலார் எச்சரிக்கையாக ஐந்து மடங்கு என்றே கொள்வர். அப்படியானால் இறுகிய பக்கம் 84 கிலோ, தளர்ந்த பக்கம் 17 கிலோ. தண்டின்மேல் வரும் பாரம் 101 கிலோதான். அதே வேலை, ஆனால் பேரிங்கின்மேல் மூன்றில் ஒரு பங்கு சுமை குறைகிறது. இது குறைந்த அளவுக் கணக்கு என்பதை மறக்கலாகாது. மோட்டார் கிளம்பும்போதும், தானியம் திடீரென அடைத்துக்கொள்ளும்போதும் இழுப்புக் கூடும். ஆகையால் நடைமுறையில் இதைவிடச் சற்றுக் கூடுதலாகவே வைப்பர்.

தட்டைப் பெல்ட் அடியோடு மறைந்துவிட்டதாக எண்ண வேண்டா. ஒரு காலத்தில் ஆலை என்றாலே அதுதான். கோவையில் 1888-இல் முதல் பஞ்சாலை எழுந்தது முதல், 1930-களில் பைக்காரா நீர்மின்சாரம் வந்து மோட்டார்கள் பரவும் வரை, ஆலைகளில் ஒரே நீராவி இயந்திரம் கூரையோரத்து நீண்ட தண்டைச் சுழற்ற, அதிலிருந்து இயந்திரந்தோறும் பெல்ட்டுகள் இறங்கின. அவ்வளவு தொலைவு போவானேன்? வைட்டிலாவிலிருந்து தெற்கே ஆலப்புழைப் பக்கம் சென்றால், கடல்மட்டத்துக்கும் தாழ்ந்த குட்டநாட்டு வயல்களில் தட்டைப் பெல்ட்டை இன்றும் காணலாம். அங்கே வயல்நீரை வெளியேற்றப் 'பெட்டியும் பறையும்' என்ற ஓர் இறைப்பு இயந்திரம் உண்டு. அதன் தண்டு செங்குத்தாக நிற்கும். மோட்டாரின் தண்டோ படுக்கையாகக் கிடக்கும். இரண்டையும் இணைக்கும் தட்டைப் பெல்ட் நடுவழியில் கால் சுற்று முறுக்கிக்கொண்டு செல்கிறது. முதன்முறை பார்த்தபோது, இது கழன்று விழாமல் எப்படி ஓடுகிறது என்று வியந்து நின்றேன். பெல்ட் ஒரு புல்லிக்குள் நுழையும்போது அந்தப் புல்லியின் தளத்திலேயே நேராக நுழைய வேண்டும். வெளியேறும்போது எந்தப் பக்கம் சாய்ந்தாலும் கவலை இல்லை. இதுதான் விதி. இதிலிருந்து இன்னொன்றும் விளங்கும். அந்தப் பெல்ட் ஒரே திசையில்தான் ஓடும். மின்கம்பிகள் மூன்றில் இரண்டை யாரேனும் மாற்றி இணைத்துவிட்டால் மோட்டார் எதிர்த்திசையில் சுழலும். அப்போது வெளியேறும் இடம் நுழையும் இடமாகிவிடுவதால் பெல்ட் அக்கணமே கழன்று வீசப்படும். மோட்டாரைப் பழுது பார்த்துத் திரும்ப மாட்டும் நாளில் எவரும் அருகில் நிற்கலாகாது.

இனி மில்லுக்குத் திரும்புவோம். கடந்த மழைக்காலத்தில் ஒருநாள் மாலை நான் பல்கலைக்கழகத்திலிருந்து வந்தபோது, மில்லிலிருந்து 'கீச்' என்ற கூச்சல் தெருவரை கேட்டது. ரப்பர் கருகும் நாற்றமும் வந்தது.

"பெல்ட்டு கத்துதுப்பா. மாவும் தரிதரியா விழுது. நீதான் படிச்சவனாச்சே, பாத்துச் சொல்லு" என்றார் தந்தையார்.

பெல்ட் நழுவுகிறது, நழுவினால் இயந்திரத்தின் வேகம் குறையும், வேகம் குறைந்தால் மாவு தரியாகத்தான் விழும். இவ்வளவும் சரியாகவே உணர்ந்தேன். உடனே சூத்திரம் நினைவுக்கு வந்தது: இழுப்பைக் கூட்டினால் பற்று கூடும். மோட்டாரைப் பின்னுக்குத் தள்ளும் திருகை இயன்ற மட்டும் முறுக்கினேன். கூச்சல் நின்றது. மாவு மைபோல விழுந்தது. எனக்குப் பெருமை தாங்கவில்லை.

மூன்று வாரத்தில் மோட்டாரின் முன்பக்கப் பேரிங் உடைந்தது. முன்பே பழையதுதான்; என்றாலும் அதை விரைந்து கொன்றவன் நான். பந்துப் பேரிங்கின் ஆயுள் சுமையின் மும்மடிக்கு எதிராகக் குறைகிறது. சுமை இரட்டித்தால் ஆயுள் பாதியாவதில்லை. எட்டில் ஒரு பங்காகிறது. இதனைக் கணக்கிடத் தெரிந்தவன், முறுக்கும்போது கணக்கிடவில்லை. மில் நான்கு நாள் நின்றது. நான்கு நாள் கூலியும் நின்றது. முதலாளி கடிந்துகொண்டபோது, "நான்தாங்க இறுக்கினேன்" என்று தந்தையார் சொல்லிவிட்டார். என்னிடம், "சரி விடு, இறுக்குனா நின்னுரும்னு நானுந்தான நெனச்சேன்" என்றதோடு முடித்துக்கொண்டார். அன்றிரவு எனக்கு உறக்கம் வரவில்லை.

அதன்பின்தான் ஒழுங்காக ஆராயத் தொடங்கினேன். பெல்ட்டைக் கழற்றிப் புல்லியின் பள்ளத்தை விளக்கு வெளிச்சத்தில் பார்த்தேன். பள்ளத்தின் அடிப்பாகம் கண்ணாடிபோல் பளபளத்தது. 'வி' பெல்ட் தன் பக்கங்களால் மட்டுமே பற்ற வேண்டும். அடியைத் தொடவே கூடாது. பல்லாண்டு ஓடியதில் பள்ளத்தின் சுவர்கள் தேய்ந்து அகன்று, பெல்ட் உள்ளே இறங்கி அடியில் உட்கார்ந்துவிட்டது. ஆப்பு வேலை செய்யாமற்போய், 'வி' பெல்ட் வெறும் தட்டைப் பெல்ட்டாகிவிட்டது. நோய் புல்லியில், நான் மருந்து கொடுத்தது பெல்ட்டுக்கு! புதிய புல்லியும் புதிய பெல்ட்டுகளும் வாங்கினோம். மதுரையில் நெடுங்காலமாகப் பெல்ட் செய்துவரும் பென்னர் கம்பெனியின் பெல்ட் கிடைத்தது. "நம்ம ஊர்ப் பெல்ட்டு" என்று தந்தையார் அதைத் தடவிப் பார்த்துக்கொண்டார். இரண்டு பெல்ட்டுகளையும் சேர்த்தே மாற்ற வேண்டும். பழையது நீண்டிருக்கும், புதியதோடு சேர்த்துப் போட்டால் சுமை முழுவதும் புதியதன் தலையில் விழும்.

பூட்டும் முறையையும் இம்முறை கைம்மனம் போனபடி விடவில்லை. திருப்புளியால் நெம்பிப் பெல்ட்டைப் புல்லியின்மேல் ஏற்றுவது எங்கும் காணும் வழக்கம். அதனால் பெல்ட்டின் உள்ளே உள்ள இழைகள் அறுகின்றன. வெளியே ஒன்றும் தெரியாது. சில நாளில் பெல்ட் புரண்டுகொள்ளும். மோட்டாரை முன்னே நகர்த்திப் பெல்ட்டைத் தளர்வாக மாட்டிவிட்டுப் பிறகு பின்னே தள்ளுவதுதான் முறை. அடுத்து, இரண்டு புல்லிகளும் ஒரே நேர்கோட்டில் உள்ளனவா என்று பார்த்தோம். இதற்குக் கொத்தனாரின் நூல் போதும். இரு புல்லிகளின் முகத்தையும் ஒட்டி நூலை இழுத்துப் பிடித்தால் அது நான்கு இடங்களிலும் தொட வேண்டும். எங்கள் மோட்டார் ஒரு விரற்கடை அளவு கோணிக்கொண்டிருந்தது. முன்பு பெல்ட்டின் ஒரு பக்கம் மட்டும் தேய்ந்ததன் காரணம் அப்போதுதான் தெரிந்தது.

இனி இறுக்கம். கட்டைவிரலால் அழுத்திப் பார்த்து 'போதும்' என்பதே மில்காரர்களின் அளவு. என் கட்டைவிரலும் என் தந்தையாரின் கட்டைவிரலும் ஒன்றல்ல. பெல்ட் செய்வோரின் அட்டவணைகள் வேறொரு வழி கூறுகின்றன. இரு புல்லிகளுக்கும் இடையே பெல்ட் நீண்டு கிடக்கும் பகுதியின் நடுவில், அதற்குச் செங்குத்தாக இழுக்க வேண்டும். ஒரு மீட்டர் நீளத்துக்கு 16 மில்லிமீட்டர் வீதம் அது வளைய எவ்வளவு விசை வேண்டும் என்று பார்க்க வேண்டும். எங்கள் மில்லில் இருப்பது 'பி' வகைப் பெல்ட். 125 முதல் 200 மில்லிமீட்டர் வரையுள்ள புல்லியில் அதற்குரிய விசை சுமார் 2 முதல் 3 கிலோ. அந்த இடைவெளி எங்களுக்கு 75 சென்டிமீட்டர். எனவே 12 மில்லிமீட்டர், அதாவது அரை அங்குலத்துக்குச் சற்றுக் குறைவு. மீன்காரர் ஒருவரிடமிருந்து ஸ்பிரிங் தராசை இரவல் வாங்கினேன். பெல்ட்டில் கொக்கியை மாட்டி இழுத்தேன்; தந்தையார் அளவுகோலைப் பிடித்தார். மூன்று கிலோவில் 12 மில்லிமீட்டர் வளைந்தது. நிறுத்திவிட்டோம். ஒரு மாதத்துக்கு முன் நான் இறுக்கிய இறுக்கத்தில் அதே பெல்ட்டுக்கு எத்தனை கிலோ காட்டியிருக்கும் என்று நினைத்தபோது வெட்கமாக இருந்தது. தராசை முதலில் தேடாத குற்றம் சூத்திரத்தினுடையது அன்று.

புதிய பெல்ட் முதலில் சிறிது நெகிழ்ந்து பள்ளத்தில் படியும். ஆகையால் அரைமணி நேரம் ஓடவிட்டு, நிறுத்தி, மீண்டும் அளந்தோம். இரண்டு கிலோவுக்கும் கீழே இறங்கியிருந்தது. சரிசெய்தோம். மறுநாளும் ஒருமுறை. பிறகு அது நிலைத்துவிட்டது. முழுச்சுமையில் நழுவாத இழுப்புகளில் எது மிகக் குறைந்ததோ அதுவே சரியான இழுப்பு என்று பொறியியலார் சொல்லும் இலக்கணத்தை அன்று கண்ணால் கண்டேன். ஒன்று சொல்ல வேண்டும்: ரப்பர் நீண்டு சுருங்குவதால் நூற்றுக்கு ஒரு பங்கு அளவில் பெல்ட் பின்தங்குவது எப்போதும் இருக்கும். அதை நீக்க முயன்று இறுக்குவோர் பேரிங்குக்குத்தான் பகைவர்.

இப்போது விரலுக்கு வருகிறேன். பன்னிரண்டு ஆண்டுகளுக்கு முன், வேறொரு மில்லில் நடந்தது அது. பெல்ட் நழுவினால் ரோசின் என்ற மரப்பிசின் கட்டியை ஓடும் பெல்ட்டின்மேல் பிடிப்பது அங்கே வழக்கம். தட்டைத் தோல் பெல்ட்டுக் காலத்தில் வந்த பழக்கம் அது. 'வி' பெல்ட்டுக்கு அது தீங்கே. கூச்சல் சிறிது நேரம் அடங்கும். பிறகு பிசினில் மாவு ஒட்டிக் கெட்டியாகி, முன்னிலும் மோசமாக நழுவும். மீண்டும் பிசின், மீண்டும் மாவு. அன்று கட்டி தேய்ந்து சிறியதாகிவிட்டது. பெல்ட் புல்லிக்குள் நுழையும் பக்கத்தில் தந்தையார் கையை வைத்திருந்தார். எனக்குப் பதினொரு வயது. மருத்துவமனையில் அவர் கையைத் துண்டால் மூடிக்கொண்டு, "ஒண்ணுமில்லடா" என்றதுதான் நினைவிருக்கிறது.

கையை இழுத்துக்கொள்ள முடியாதா என்று அந்நாளில் எல்லோரும் கேட்டார்கள். முடியாது. ஆபத்தைக் கண்டு மனிதன் கையை அசைக்க ஏறத்தாழ ஐந்தில் ஒரு விநாடி ஆகும். அதற்குள் விநாடிக்கு 11 மீட்டர் ஓடும் பெல்ட் இரண்டு மீட்டருக்கு மேல் சென்றுவிடும். விரலிலிருந்து புல்லிக்கு இருந்தது நான்கு அங்குலம்! கவனமின்மை என்று அவரை ஏசியவர்கள் இந்தக் கணக்கைப் போட்டுப் பார்க்கவில்லை.

1948-இல் இயற்றப்பட்ட தொழிற்சாலைகள் சட்டத்தின் 22-ஆம் பிரிவு இதனை நன்கு எண்ணிப் பார்த்திருந்தது. ஓடும் இயந்திரத்தின் பெல்ட்டைத் தனிப் பயிற்சி பெற்ற வயதுவந்த ஆண் தொழிலாளியே தொடலாம்; அவர் உடலை ஒட்டிய உடை அணிய வேண்டும்; அந்த உடையை நிர்வாகமே தர வேண்டும்; பெல்ட் 15 சென்டிமீட்டருக்கு மேல் அகலமாக இருத்தலாகாது; இணைப்பு புடைத்து நிற்கலாகாது; கால் ஊன்ற உறுதியான இடம் வேண்டும்; ஏணி வைத்தால் அதைக் கட்ட வேண்டும், அல்லது இன்னொருவர் பிடிக்க வேண்டும். ஒவ்வொரு நிபந்தனைக்குப் பின்னாலும் ஒரு கை போயிருக்கும் என்று எனக்குத் தோன்றுகிறது. ஆனால் மின்சக்தியோடு பத்துப் பேரேனும் வேலை செய்யும் இடத்தையே அச்சட்டம் தொழிற்சாலை என்றது. என் தந்தையார் விரலை இழந்த மில்லில் இருந்தவர்கள் இருவர். அவர் உடுத்தியிருந்தது கைலி.

இதனைப் படிக்கும் நண்பர்களில் பலர் வீட்டில் கோயம்புத்தூர் கிரைண்டர் இருக்கும். அதன் அடியில் பெரும்பாலும் ஒரு பெல்ட் ஓடுகிறது. மாவு நீர் வழிந்து அதன்மேல் படும்போது கல் சுற்றாமல் மோட்டார் மட்டும் உறுமும். அப்போது அம்மா உள்ளே கைவிட்டுத் துடைக்கப் போனால், பொத்தானை அணைத்தால் போதாது, பிளக்கையே பிடுங்கச் சொல்லுங்கள்.

எங்கள் மில்லில் இப்போது திங்கட்கிழமை காலை தோறும் தந்தையார் பெல்ட்டை அளக்கிறார். மீன்காரரின் தராசைத் திருப்பிக் கொடுத்துவிட்டு நாங்களே ஒன்று வாங்கிவிட்டோம். சுவரில் சுண்ணாம்புக் கட்டியால் தேதியும் கிலோவும் எழுதி வருகிறார். மூன்று, இரண்டே முக்கால், இரண்டே முக்கால், இரண்டரை. அளப்பதற்கு முன் சுவிட்சை அணைப்பார். பிறகு மூன்று பியூஸ்களையும் கழற்றிச் சட்டைப் பையில் போட்டுக்கொள்வார். புட்டுக்கு அரிசி கொண்டுவந்த பெண்கள் சிலர் நேரமாகிறது என்று முணுமுணுப்பார்கள். அவர் சட்டைப் பையைத் தட்டிக் காட்டி, "ரெண்டு நிமிஷம், சேச்சி" என்பார். ஐந்து நிமிடம் ஆகும்.